வஹாக்காவில் ‘சிறு குழு’ சுற்றுலா: பணம் கட்டும் முன் கேட்க வேண்டியவை

மெக்சிகோவின் தெற்கே இருக்கும் வஹாக்கா நகரத்துக்கு மே மாதக் கடைசியில், மெமோரியல் டே விடுமுறையை ஒட்டி, ஹூஸ்டனிலிருந்து தனியாகப் போய் வந்தேன். ஊரைப் பற்றி எனக்கு ஒரு குறையும் இல்லை, இன்னொரு முறை போகவும் ஆசைதான். ஆனால் ‘சிறு குழுப் பண்பாட்டுச் சுற்றுலா’ என்று சொல்லி விற்ற ஒன்றுக்கு 89 டாலர் கட்டி, ஒரு முழுப் பகலைத் தொலைத்து, இருட்டில் மொழி தெரியாத நெடுஞ்சாலையில் நடந்து, அப்புறம் பணத்தைத் திரும்ப வாங்குவதற்காக வாரக்கணக்கில் மின்னஞ்சல் எழுதி ஓய்ந்துபோனேன். கிளம்புவதற்கு முன் தேடியபோது ஊரின் அழகைப் பற்றி எத்தனையோ பேர் எழுதியிருந்தார்கள். இந்த வேன் சுற்றுலா வியாபாரம் எப்படி ஓடுகிறது என்று ஒருவரும் சொல்லவில்லை. அதனால்தான் நடந்ததை வரிசையாக எழுதுகிறேன்.

முதலில் விசா விஷயம். செல்லுபடியாகும் அமெரிக்க விசாவோ கிரீன் கார்டோ இருந்தால் இந்தியப் பாஸ்போர்ட்காரர்களுக்கு மெக்சிகோ விசா தனியாக வேண்டாம். ஆனால் பாஸ்போர்ட்டில் உள்ள விசா முத்திரை காலாவதியாகி, வேலை அனுமதி நீட்டிப்புக் கடிதத்தை மட்டும் கையில் வைத்திருப்பவர்களுக்கு இது பொருந்தாது, விமானத்தில் ஏறவே விடமாட்டார்கள். ஹெச்1பி-யில் இருப்பவர்கள் டிக்கெட் போடுவதற்கு முன் முத்திரைத் தேதியைப் பாருங்கள். எனக்கு அதில் சிக்கல் இல்லை. சுற்றுலாவை ஒரு பெரிய இணையதளம் வழியாகப் பதிவு செய்தேன். அதிகபட்சம் 8 பேர், ஆங்கில வழிகாட்டி, மதிய உணவு உண்டு, நான்கு இடங்கள் என்று போட்டிருந்தது. தூலே மரம், தியோதித்லான் நெசவாளர் ஊர், மித்லா இடிபாடுகள், இயெர்வே எல் ஆக்வா என்ற கல்லாய் உறைந்த அருவி. தனியாகப் போகிற பெண்ணுக்கு எட்டுப் பேர் கொண்ட குழு என்பது நிம்மதியான எண்ணிக்கை. அந்த எண்ணிக்கைக்காகவே விலை கூடுதலாக இருந்தாலும் பரவாயில்லை என்று கட்டினேன்.

சனிக்கிழமை காலை எட்டரைக்கு விடுதி வாசலில் ஏற்றிக்கொள்வதாகச் சொன்னார்கள். வேன் வந்தபோது மணி ஒன்பதரையைத் தாண்டிவிட்டது. அதற்குள் இரண்டு முறை வாட்ஸ்அப்பில் கேட்டேன், “வந்துகொண்டிருக்கிறது” என்று ஒரே பதில்தான். கதவைத் திறந்தால் உள்ளே ஏற்கெனவே ஒன்பது பேர் இருந்தார்கள். சரி, ஒருவர் இருவர் கூடுதல் என்று நினைத்து உட்கார்ந்தேன். ஊர் எல்லையில் ஒரு பெட்ரோல் பங்கில் வண்டி நின்றது. இன்னொரு வேனிலிருந்து எட்டுப் பேர் இறங்கி எங்கள் வேனில் ஏறினார்கள். ஆளுக்கொரு நிறத்தில் கைப்பட்டை கட்டினார்கள், எனக்கு மஞ்சள். அப்போதுதான் விளங்கியது, ஒவ்வொரு நிறமும் ஒவ்வொரு ஏஜென்ட். யார் யாரோ விற்ற டிக்கெட்டுகளை எல்லாம் சேர்த்து ஒரே வண்டியில் அடைத்து ஒரே ஆள் ஓட்டுகிறார். பக்கத்தில் இருந்த, குவாதலஹாரா என்ற இன்னொரு மெக்சிகோ நகரத்துத் தம்பதி கொஞ்சம் ஆங்கிலம் பேசினார்கள். அவர்கள் தங்கியிருந்த விடுதி மேசையில் தலைக்கு 400 பெசோ கொடுத்துச் சீட்டு வாங்கியிருக்கிறார்கள். ஏறக்குறைய 22 டாலர். அதே வண்டி, அதே சீட், எனக்கு நான்கு மடங்கு. கேட்டதும் வயிறு எரிந்தது.

இங்கேயே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். ‘சிறு குழு’ என்று விளம்பரத்தில் இருந்தால் அது உங்கள் ஏஜென்ட் விற்ற டிக்கெட் எண்ணிக்கையா, வண்டியில் இருக்கப்போகும் மொத்த ஆட்களா என்று எழுத்தில் கேளுங்கள். “வேறு நிறுவனத்தின் பயணிகளோடு சேர்ப்பீர்களா?” என்று நேராகக் கேட்டுவிடுவது இன்னும் நல்லது. நேர்மையாக நடத்துபவர்கள் இல்லை என்று ஒரு வரியில் சொல்லிவிடுவார்கள். மழுப்பினால் வேறு ஆளைப் பார்க்கலாம்.

தூலே மரம் நகரத்திலிருந்து பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டரில், ஒரு தேவாலய முற்றத்தில் நிற்கிறது. சைப்ரஸ் இனம். அடிமரத்தின் சுற்றளவு 40 மீட்டருக்கு மேல், உலகிலேயே மிகத் தடித்த மரம் என்கிறார்கள். வயது 2000 ஆண்டுகள் வரை இருக்கலாம் என்பது கணிப்பு. பக்கத்தில் இருக்கும் தேவாலயம் அதன் முன்னால் பொம்மை மாதிரித் தெரிகிறது. உள்ளூர்ப் பிள்ளைகள் கையில் சிறு கண்ணாடியை வைத்துக்கொண்டு வெயிலைத் திருப்பி அடித்து, பட்டையின் முண்டுகளில் சிங்கம், முதலை, மான் என்று காட்டுகிறார்கள். அன்றைக்கு வழிகாட்டி சொன்னதைவிட அந்தப் பிள்ளைகள் காட்டியதுதான் எனக்குப் புரிந்தது. எங்கள் வழிகாட்டி ஸ்பானிய மொழியில் பத்து நிமிடம் சொல்லி எல்லாரையும் சிரிக்க வைத்துவிட்டு, என் பக்கம் திரும்பி ஆங்கிலத்தில் “பிக் ட்ரீ, வெரி ஓல்ட்” என்று முடித்தார். அவர்மேல் கோபப்பட்டுப் பயனில்லை, வண்டியில் ஆங்கிலம் கேட்டது என்னையும் இன்னொருவரையும் தவிர யாரும் இல்லை. ‘இருமொழி’ என்று போட்டிருந்தால் இப்படித்தான் ஆகும். ‘ஆங்கிலம் மட்டும்’ என்று இருந்தால்தான் ஆங்கிலம்.

தியோதித்லான் டெல் வாயே, இந்த வட்டாரத்துப் பழங்குடிகளான சபோதெக் மக்களின் நெசவு ஊர். கம்பளித் தறி வைத்திருந்த ஒரு வீட்டில் சாயம் எப்படிப் போடுகிறார்கள் என்று காட்டினார்கள். நோபால் கள்ளியில் ஒட்டி வாழும் கொச்சினீல் பூச்சியை உலர்த்தி, உள்ளங்கையில் வைத்து நசுக்கினால் ரத்தச் சிவப்பு. அதில் எலுமிச்சை பிழிந்தால் ஆரஞ்சாக வெளிறுகிறது, சோடா உப்புப் போட்டால் ஊதாவுக்குப் போகிறது. அவுரியில் நீலம் எடுக்கிறார்கள். அந்தப் பதினைந்து நிமிடம் உண்மையிலேயே பிரமாதம். அதற்குப் பிறகு ஏறக்குறைய ஒரு மணி நேரம் கடையில் விட்டுவிட்டார்கள். வழிகாட்டி வெளியே நாற்காலி போட்டு உட்கார்ந்துவிட்டார். மலிவு விலைச் சுற்றுலாக்கள் ஓடுவது பெரும்பாலும் இந்தக் கமிஷனில்தான் என்று பிறகு தெரிந்துகொண்டேன். நாம் கம்பளம் வாங்கினால் அதில் ஒரு பங்கு வண்டிக்குப் போகும். நெசவாளரிடம் நேராகப் போனால் அந்தப் பங்கு அவருக்கே நிற்கும். ஆகவே வாங்கும் எண்ணம் இருந்தால் அங்கே வாங்காமல், இன்னொரு நாள் பகிர்வு டாக்சியில் அந்த ஊருக்குத் தனியாகப் போய் வாங்குங்கள்.

அடுத்து மெஸ்கால் என்ற மது வடிக்கும் இடம். கற்றாழையின் நடுத்தண்டை மண்குழியில் சுட்டு, குதிரை இழுக்கும் கல் உருளையில் அரைத்து, நொதிக்கவைத்து வடிக்கிறார்கள். செய்முறை பார்க்கத் தகுந்ததுதான். ஆனால் நான்கு இடங்கள் என்ற பட்டியலில் இது இல்லவே இல்லை. சுவைத்துப் பார்க்கும் மேசையில் சின்னச் சின்னக் குவளைகளாக ஊற்றி ஊற்றி ஒரு மணி நேரத்துக்கு மேல் ஓடிவிட்டது. நான் குடிப்பதில்லை, கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன். பிறகு மூன்று மணிக்கு ஒரு பெரிய பஃபே உணவகம். ‘உணவு உண்டு’ என்று இருந்ததே என்றால், மஞ்சள் பட்டைக்கு அது இல்லையாம், தனியாக 280 பெசோ கட்ட வேண்டுமாம். சைவம் என்று சொன்னதும் பீன்ஸ் மசியலைக் காட்டினார்கள். அது பன்றிக் கொழுப்பில் தாளித்தது. சோறு கோழிச் சாற்றில் வெந்தது. வெறும் தக்காளியும் அவகாடோவும் தோர்த்தியா என்ற சோள ரொட்டியும் தின்றுவிட்டு 280 பெசோ கொடுத்தேன்.

நான் வஹாக்காவுக்குப் போனதே மித்லாவைப் பார்க்கத்தான் என்று சொல்லலாம். மூடும் நேரம் நெருங்கியபோதுதான் கொண்டுபோய் இறக்கினார்கள். “முப்பது நிமிடம்” என்று கையைக் காட்டினார் வழிகாட்டி. நுழைவுச் சீட்டும் நம் செலவு. சுண்ணாம்புச் சாந்து இல்லாமல், சின்னச் சின்னக் கற்களை அளவெடுத்து வெட்டி ஒன்றோடொன்று பொருத்தி, சுவர் முழுக்க ஏணிப்படிக் கோலங்களாக இழைத்திருக்கிறார்கள். ஒவ்வொரு பட்டையும் வேறு வேறு வடிவம். தூண் மண்டபத்தில் ஒற்றைக் கல்லில் ஆறு தூண்கள். பக்கத்திலேயே, பழைய கட்டடத்தின் மேலே, ஸ்பானியர்கள் கட்டிய சான் பாப்லோ தேவாலயம். இதில் எது சபோதெக் மக்களுடையது, எது மிக்ஸ்தெக் என்ற இன்னொரு பழங்குடியினருடையது, யார் வாழ்ந்தார்கள், யாரைப் புதைத்தார்கள் என்று கேட்க ஆயிரம் கேள்வி இருந்தது. கேட்கத்தான் ஆள் இல்லை. கடையில் ஒரு மணி நேரம், மதுவில் ஒரு மணி நேரம், மித்லாவில் அரை மணி நேரம். அதனால் இனிமேல் எந்தச் சுற்றுலாவுக்கும் இடங்களின் பட்டியலை நான் கேட்பதில்லை, ஒவ்வொரு இடத்திலும் எத்தனை நிமிடம் என்றுதான் கேட்கிறேன். இடம் அதிகமாக இருந்தால் நல்ல பேரம் என்று தோன்றும், பகல் என்னவோ அதே பகல்தான்.

இயெர்வே எல் ஆக்வாவுக்குப் போகவில்லை. சாலை மறியல் என்றார்கள். அது பொய்யில்லை, திரும்பும் வழியில் நாங்களே மாட்டினோம். வஹாக்காவில் மறியல் அடிக்கடி நடக்கும் விஷயம். ஆசிரியர் சங்கத்தின் 22-ஆம் பிரிவு மே, ஜூன் மாதங்களில் நகரின் மையச் சதுக்கத்தில் கூடாரம் போட்டு உட்காருவது வழக்கம். 2006-ல் அப்படித் தொடங்கியதுதான் பல மாதம் நீடித்த பெரும் கிளர்ச்சியாக வெடித்தது. ஆசிரியர்கள் மட்டும் என்றில்லை, நிலத் தகராறு, தண்ணீர் என்று ஊர்க்காரர்களும் சாலையை அடைப்பார்கள். நாங்கள் வந்த 190-ஆம் நெடுஞ்சாலையில் பேருந்து ஒன்றைக் குறுக்கே நிறுத்தியிருந்தார்கள். வேன் இரண்டு மணி நேரம் அசையவில்லை. இருட்டிவிட்டது. கடைசியில் வழிகாட்டி, வேண்டுமென்றால் நடந்து அந்தப் பக்கம் போய் வண்டி பிடிக்கலாம், இல்லையென்றால் இங்கேயே காத்திருக்கலாம் என்று சொல்லிவிட்டு ஓட்டுநரோடு பேசப் போய்விட்டார். என் போனில் சார்ஜ் ஒன்பது விழுக்காடு. உள்ளூர் சிம் போட்டிருக்கவில்லை, சிக்னலும் இல்லை. அந்த நிமிடத்தில் உண்மையாகவே பயந்தேன், கண் கலங்கிவிட்டது. குவாதலஹாரா அம்மா என் கையைப் பிடித்து “வாமோஸ்” (போகலாம்) என்றார். அவர்களோடு இறங்கி நடந்தேன். மறியல்காரர்கள் ஒன்றும் செய்யவில்லை, நடந்து போகிறவர்களை யாரும் தடுப்பதில்லை. அந்தப் பக்கம் வரிசையாக நின்றது நம்ம பஜாஜ் ஆட்டோ! சிவப்பு பெயின்ட், ரெக்சின் கூரை, உள்ளே மாதா படம். அதில் அடுத்த ஊர் வரை வந்து, அங்கிருந்து மெரூன் நிறப் பகிர்வு டாக்சியில் நகரம் சேர்ந்தோம். விடுதிக் கதவைத் தட்டும்போது மணி பத்து.

மறியலுக்கு யாரையும் குறை சொல்ல முடியாது. ஆனால் மறியல் வந்தால் என்ன செய்வீர்கள் என்று முன்கூட்டியே கேட்கலாம். மாற்றுப் பாதையோ, மாற்று நாளோ, பணம் திரும்பவோ, ஏதாவது ஒரு பதில் அவர்களிடம் இருக்க வேண்டும். காலையில் கிளம்புவதற்கு முன் விடுதிக்காரரிடம் “இன்று மறியல் உண்டா?” என்று கேட்டாலே போதும், உள்ளூர்க்காரர்களுக்குத் தெரிந்திருக்கும். பவர் பேங்க், சில்லறை நாணயங்கள், விடுதி முகவரி எழுதிய ஒரு காகிதம் மூன்றும் பையில் இருக்கட்டும். கழிப்பறைக்கும் காசு கேட்பார்கள், நோட்டை நீட்டினால் மாற்றித் தரமாட்டார்கள்.

மறுநாள் எழுந்தபோது ஊர் திரும்பிவிடலாமா என்றுதான் இருந்தது. விடுதி நடத்தும் அம்மா முகத்தைப் பார்த்தே கண்டுபிடித்துவிட்டார். அவரே தொலைபேசியில் ஒரு வழிகாட்டியைப் பிடித்துக் கொடுத்தார். சமவெளியில் உள்ள சபோதெக் கிராமத்துப் பெண், மெக்சிகோ சுற்றுலா அமைச்சகம் தந்த அடையாள அட்டையைக் கழுத்தில் மாட்டியிருந்தார். உரிமம் பெற்ற வழிகாட்டிகளிடம் படம் போட்ட அந்த அட்டை இருக்கும், காட்டச் சொல்லிக் கேட்பதில் கூச்சமே வேண்டாம். குழுவில் ஐந்து பேர், ஆங்கிலம் மட்டும், அரை நாளைக்கு ஆளுக்கு 700 பெசோ. முன்பணம் வாங்கவில்லை. “கடைக்குக் கூட்டிப்போவீர்களா?” என்று கேட்டேன். சிரித்துவிட்டு, “நீங்கள் கேட்டால் மட்டும்” என்றார்.

அவர் செய்த முதல் காரியம் வரிசையை மாற்றியது. நான் ஞாயிறு மோன்டே அல்பான் என்ற மலையுச்சிப் பழைய நகரம், திங்கள் அருங்காட்சியகம் என்று போட்டு வைத்திருந்தேன். திங்களன்று அருங்காட்சியகங்கள் மூடியிருக்கும், ஞாயிறன்று உள்நாட்டவருக்குத் தொல்லியல் இடங்களில் நுழைவு இலவசம் என்பதால் கூட்டம் நெரியும். அப்படியே தலைகீழாக்கினார். அதில் இன்னொரு நன்மையும் இருந்தது. மோன்டே அல்பானின் 7-ஆம் கல்லறையில் 1932-ல் தொல்லியலாளர் அல்ஃபோன்சோ காசோ கண்டெடுத்த தங்கமும், நீலப் பச்சைக் கற்கள் பதித்த மண்டையோடும், படிகக் குவளையும் இப்போது இருப்பது நகரத்தில், சாண்டோ டொமிங்கோ மடத்து அருங்காட்சியகத்தில். சபோதெக் மக்கள் கட்டிய கல்லறையில் பல நூற்றாண்டு கழித்து மிக்ஸ்தெக் மக்கள் தம் ஆட்களைப் புதைத்திருக்கிறார்கள். பொருளை முதல் நாள் பார்த்துவிட்டு மறுநாள் குழியைப் பார்த்தால்தான் அது குழியாகத் தெரியாமல் கல்லறையாகத் தெரிகிறது.

சாண்டோ டொமிங்கோ தேவாலயத்துக்குள் நுழைந்ததும் எங்களை அண்ணாந்து பார்க்கச் சொன்னார். கூரை முழுக்கக் கொடி படர்ந்து, கிளைக்கு ஒரு தலையாக வம்சாவளி. சுவரெல்லாம் தங்கப் பூச்சு. “இந்தத் தங்கம் எங்கிருந்து வந்தது?” என்று கேட்டார். நாங்கள் சுரங்கம் என்றோம். “பூச்சி” என்றார். காலனிக் காலத்தில் புதிய ஸ்பெயின் எனப்பட்ட அன்றைய மெக்சிகோவிலிருந்து கப்பல் ஏறியதில் வெள்ளிக்கு அடுத்த பெரிய சரக்கு கொச்சினீல் சாயம், அதன் பெரும்பகுதி விளைந்தது வஹாக்காவில். கள்ளியில் பூச்சி பொறுக்கிய பழங்குடிகளின் உழைப்புத்தான் இந்த நகரத்தின் செல்வம். முந்தைய நாள் என் உள்ளங்கையில் நசுங்கிய சிவப்புக்கு அப்போதுதான் அர்த்தம் வந்தது. மடம் 19-ஆம் நூற்றாண்டில் படை முகாமாகி, 1990-கள் வரை ராணுவத்தின் கையில் இருந்திருக்கிறது. ராணுவம் போன பிறகு அங்கே ஓட்டலும் வாகன நிறுத்தமும் வர இருந்ததைத் தடுத்தவர்களில் முன்னால் நின்றவர் ஓவியர் ஃபிரான்சிஸ்கோ தொலேடோ. இன்று அங்கே இருப்பது நாட்டுத் தாவரத் தோட்டம். சதுக்கத்தில் மெக்டொனால்ட்ஸ் வருவதை எதிர்த்து 2002-ல் ஊருக்கே தமாலே என்ற சோளமாவுப் பண்டத்தைக் கொடுத்துப் போராடியவரும் அவர்தான். கடை வரவில்லை.

மோன்டே அல்பானில் நிழலே கிடையாது, தொப்பியும் ஒரு லிட்டர் தண்ணீரும் இல்லாமல் ஏறாதீர்கள். கடல் மட்டத்திலிருந்து 1,900 மீட்டருக்கு மேல், படி ஏறும்போது மூச்சு வாங்கும். கி.மு. 500 வாக்கில் மலை உச்சியைச் சமப்படுத்தி நகரம் கட்டத் தொடங்கியிருக்கிறார்கள். ‘நடனக்காரர்கள்’ என்று பெயர் பெற்ற செதுக்குக் கற்கள் 300-க்கு மேல். கை கால் முறுக்கிய உருவங்கள் என்பதால் நடனம் என்று நினைத்தார்கள். எங்கள் வழிகாட்டி ஒரு கல்லின் முன் நிறுத்தி, கண்ணைப் பாருங்கள், வாயைப் பாருங்கள் என்றார். மூடிய கண், திறந்த வாய், சிதைக்கப்பட்ட உடல். கொல்லப்பட்ட போர்க்கைதிகள் என்பது இப்போது ஆய்வாளர்கள் பலரின் கருத்து. அந்த ஒரு கல்லின் முன்னால் மட்டும் கால் மணி நேரம் நின்றிருப்போம். ஐந்து பேர் என்பதால் முடிந்தது. பதினேழு பேரோடு போயிருந்தால் கடைசி வரிசைக்குக் கல்லே தெரிந்திருக்காது.

சைவக்காரர்களுக்கு: ‘வெஹெதாரியானா’ என்று சொன்னால் மட்டும் போதாது, சிக்கன் பரவாயில்லையா என்பார்கள். “சின் மந்தேகா, சின் அசியெந்தோ, சின் கால்தோ தெ போயோ” என்று மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். பன்றிக் கொழுப்பு, அதன் அடிக்கசடு, கோழிச் சாறு மூன்றும் வேண்டாம் என்று பொருள். தலயூடா என்ற பெரிய மொறு மொறு தோர்த்தியாவில் அசியெந்தோவைத் தடவித்தான் கொடுப்பார்கள், கேட்டால் தடவாமல் தருவார்கள். புகழ்பெற்ற கருப்பு மோலே என்ற குழம்பில் பெரும்பாலும் கொழுப்பும் சாறும் கலந்திருக்கும், நான் தொடவில்லை. சோளமும் கொக்கோவும் சேர்த்துக் கையால் நுரைக்கவைக்கும் தெஹாத்தே என்ற பானம் பயமில்லாமல் குடிக்கலாம். சந்தையில் குவித்து வைத்திருக்கும் சிவந்த வறுவல் வெட்டுக்கிளி, மிளகாய் வற்றல் என்று நினைத்து வாயில் போட்டுவிடாதீர்கள்.

பணத்தில் இன்னும் இரண்டு பொறி. பெசோவுக்கும் டாலருக்கும் ஒரே குறியீடு, விலைப்பலகையில் எது என்று கேட்டுக்கொள்ளுங்கள். ஏ.டி.எம்.மும் கார்டு மெஷினும் டாலராக மாற்றிக் கழிக்கவா என்று கேட்கும், மறுத்துவிட்டுப் பெசோவிலேயே கழிக்கச் சொல்லுங்கள், அவர்கள் மாற்று விகிதம் மோசம்.

திரும்பி வந்ததும் அந்த 89 டாலரைக் கேட்டேன். சுற்றுலா ‘முழுமையாக நடத்தப்பட்டது’ என்று ஏஜென்ட் சொல்வதாக இணையதளம் பதில் அனுப்பியது. இணையப் பக்கத்தைப் போய்ப் பார்த்தால் ‘அதிகபட்சம் 8 பேர்’ என்ற வரியைக் காணோம். நல்லவேளை, பதிவு செய்த அன்றே பக்கத்தைப் படம் பிடித்து வைத்திருந்தேன். வேனுக்குள் எடுத்த ஒரு செல்ஃபியில் பதினைந்து தலை எண்ண முடிந்தது, மறியல் இடத்தில் எடுத்த படத்தில் நேரமும் இடமும் பதிவாகியிருந்தது. மூன்றையும் கிரெடிட் கார்டு வங்கிக்கு அனுப்பி, விளம்பரத்தில் சொன்ன சேவை தரப்படவில்லை என்று தகராறு பதிந்தேன். ஏழாவது வாரம் 45 டாலர் வரவு வந்தது. மீதி 44-க்கு மறுபரிசீலனை கேட்டு இன்னொரு கடிதம் போட்டிருக்கிறேன்.